தோற்ற பெட்டிகள், கைவிடாத உரிமை: ஃப்ரெஞ்சு ஹவுஸ் இசையின் பேரேடு

கணக்குப்பிள்ளை (இழை தொடங்கியவர்)

ஃப்ரெஞ்சு ஹவுஸ் (1990-களில் பாரிஸில் கிளம்பிய நடன இசை) என்றதும் எல்லோருக்கும் டாஃப்ட் பங்க் இரட்டையரின் ஹெல்மெட்தான் ஞாபகம் வருகிறது. அதை ஓரமாக வைத்துவிட்டு இங்கே பேரேட்டைப் புரட்டலாம். யார் நஷ்டப்பட்டார்கள், அந்த நஷ்டத்தில் யார் பிழைத்தார்கள், யார் எதில் கையெழுத்துப் போடாமல் தப்பித்தார்கள்?

முதல் நஷ்டம் ஜப்பானில். ரோலண்ட் நிறுவனத்தின் டிஆர்-808 தாளப்பெட்டி 1980 முதல் 1983 வரைதான் தயாரிப்பில் இருந்தது, விற்றது சுமார் 12,000. பேஸ் வாசிக்கும் டிபி-303, இன்னொரு தாளப்பெட்டியான டிஆர்-909 இரண்டும் தலா 10,000 அளவில் நின்றன, இரண்டுக்கும் ஆயுள் சில வருடம்தான். புதிதில் சீந்துவாரில்லாமல் பழைய கடைக்குப் போன இந்தப் பெட்டிகளைச் சல்லிசாக வாங்கித்தான் சிகாகோவிலும் டெட்ராய்ட்டிலும், பிறகு பாரிஸிலும் பையன்கள் படுக்கையறையில் ஸ்டூடியோ போட்டார்கள்.

இரண்டாவது விஷயம் ஒப்பந்தம். டாஃப்ட் பங்க் 1996-இல் வர்ஜின் இசைக் கம்பெனியோடு சேர்ந்தபோது பதிவுகளை எழுதிக்கொடுக்கவில்லை. சொந்தக் கம்பெனி வழியாக உரிமத்துக்கு மட்டுமே விட்டார்கள். இரட்டையரில் ஒருவரான தாமஸ் பங்கால்தேரின் அப்பா டானியல் வான்கார்ட் டிஸ்கோ தொழிலில் பழம் தின்று கொட்டை போட்டவர். பையன்களுக்குப் பக்கத்திலேயே அந்த அனுபவம் இருந்தது.

என் கட்சி: பெட்டி மலிவானது தற்செயல். உரிமை கையில் நின்றதுதான் வியாபாரம். மறுப்பவர்கள் வரலாம்.

---

தாளக்கட்டு

அண்ணே, பெட்டியை இவ்வளவு லேசா ஒதுக்காதீங்க. அது ஏன் தோத்துச்சுன்னு பார்த்தாத்தான் பாடம் கிடைக்கும்.

303-ஐ ரோலண்ட் எதுக்குச் செஞ்சாங்க? கிடார் வாசிக்கிற ஒத்தை ஆளுக்குப் பக்கத்துல நின்னு பேஸ் வாசிக்கிற இயந்திரம்னு. விலை 395 டாலர். ரெண்டு கோளாறு. ஒண்ணு, சத்தம் பேஸ் கிடார் மாதிரியே இல்ல. ரெண்டாவது, அதுல ஒரு வரி எழுதுறதுக்குள்ள தாவு தீர்ந்துடும். சுரத்தையும் நேரத்தையும் தனித்தனியா ஏத்தணும். முதல்ல பிட்ச் மோடுல சுரங்களை மட்டும் வரிசையா அடிக்கணும், எந்தச் சுரத்துக்கு ஆக்சென்ட் (அழுத்தம்), எதுக்கு ஸ்லைடுன்னு (வழுக்கல்) குறிக்கணும். அப்புறம் டைம் மோடுக்குப் போய் 16 படியில எது புது சுரம், எது முந்தின சுரத்தோட நீட்டல், எது மௌனம்னு திரும்ப ஒரு சுத்து. நடுவுல ஒரு படி தப்பிச்சுன்னா மொத்த வரியும் ஒரு இடம் நகர்ந்துடும். நாலு பேட்டரியையும் கழட்டி வச்சுட்டா நினைவகம் கலைஞ்சு, யாரும் எழுதாத வரியெல்லாம் தானா வரும்.

கிடார்காரன் தலையில அடிச்சுக்கிட்ட அதே விஷயம்தான் டான்ஸ் ஃப்ளோருக்கு வரமாச்சு. இடம் நகர்ந்த வரி, வழுக்குற சுரம், ரெசனன்ஸ் குமிழைத் திருகினா வர்ற கீச்சு. 1987-ல சிகாகோ ஃப்யூச்சர் குழு அதை வச்சுத்தான் ஆசிட் ஹவுஸுங்கிற, அந்தக் கீச்சையே உயிரா வச்ச நடன இசைக்குக் கதவு திறந்தாங்க.

808 கதை வேற. அதே காலத்துல லின் எல்எம்-1 நிஜ டிரம் ஒலியையே சிப்புல போட்டு 5,000 டாலர் கிட்ட வித்தது. 808 வெறும் 1,195 டாலர், ஆனா டிரம் மாதிரி இல்லைன்னு கேலி பண்ணாங்க. ரோலண்டோட தப்பு பெட்டியில இல்ல, "இது நிஜ டிரம்முக்கு மாற்று"ன்னு சொல்லி வித்ததுல.

---

மொட்டைமாடி

இதையும் சேர்த்துக்கொள்ளுங்கள். பம்பாயில் சரண்ஜித் சிங் 1982-லேயே 303, 808, ஜூபிட்டர்-8 சிந்தசைசர் மூன்றையும் வைத்துப் பத்து ராகங்களை டிஸ்கோ தாளத்தில் பதிவு செய்து தட்டு போட்டார். சிகாகோவுக்கு 5 வருடம் முன்னால்! விற்கவில்லை. 2010-இல் மறுபதிப்பு வந்த பிறகுதான் உலகம் திரும்பிப் பார்த்தது.

---

கணக்குப்பிள்ளை

அருமையான தட்டு, மறுப்பில்லை. ஆனால் அதற்கும் பாரிஸுக்கும் கொடிவழி கிடையாது. சிகாகோவில் அதை யாரும் கேட்டதற்குத் தடயம் இல்லை. ஒரே பெட்டி இரண்டு ஊரில் ஒரே வேலையைச் செய்தது, அவ்வளவுதான். தாளக்கட்டு சொன்னதற்கு அது நல்ல சாட்சி.

---

வடிகட்டி

ஒலி எப்படிச் செய்யப்பட்டது என்று சொல்லாமல் "மலிவு பெட்டி, மலிவு பெட்டி" என்றால் புதிதாகப் படிப்பவருக்கு ஒன்றும் புரியாது. விவரமாகவே எழுதிவிடுகிறேன்.

அந்தக் காலத்து ஃப்ரெஞ்சு ஹவுஸின் அடிப்படை: பழைய டிஸ்கோ தட்டிலிருந்து ஒரு துண்டு, அதை ஓயாமல் சுற்றவிடும் சாம்ப்ளர், மூடித் திறக்கும் ஃபில்டர், எல்லாவற்றையும் கிக் டிரம்மோடு சேர்த்து அமுக்கும் கம்ப்ரஸர்.

சாம்ப்ளரில் ஈ-மு எஸ்பி-1200-ஐ எடுத்துக்கொள்ளுங்கள். 12 பிட், ஒலியை மாதிரியெடுக்கும் வேகம் 26.04 கிலோஹெர்ட்ஸ். மொத்தக் கொள்ளளவு சுமார் 10 வினாடி, ஒரு துண்டுக்கு அதிகபட்சம் 2.5 வினாடி. 124 பிபிஎம்மில் (நிமிடத்துக்கு 124 அடி) நாலு அடி கொண்ட ஒரு சுற்று 240 ÷ 124 = 1.94 வினாடி. ஆக, ஒரு துண்டில் ஒரு சுற்றுதான் அடங்கும், மொத்தத்தில் 5 சுற்று.

இடத்தை மிச்சப்படுத்த எல்லோரும் செய்த தந்திரம்: 33⅓ வேகத் தட்டை 45 வேகத்தில் ஓட்டிப் பதிவது, பிறகு பெட்டிக்குள் சுருதியை இறக்குவது. 45-ஐ 33⅓-ஆல் வகுத்தால் 1.35. 1.94 வினாடி 1.43 ஆகிவிடும். மொத்தக் கொள்ளளவு 5 சுற்றிலிருந்து ஏறக்குறைய 7-க்குப் போகும். இரண்டு சுற்றை ஒரே துண்டில் அடக்கலாமா என்றால் முடியாது: 3.87 ÷ 1.35 = 2.87, வரம்பைத் தாண்டுகிறது. இரண்டு துண்டாகத்தான் வெட்ட வேண்டும்.

இங்கேதான் பலர் சறுக்குகிறார்கள். 1.35 மடங்கு என்பது சுர அளவில் 5.2 அரைச்சுரம். பெட்டி அரைச்சுரப் படிகளில்தான் இறங்கும். 5 படி இறக்கினால் மிச்சம் நிற்கும் 0.2 காரணமாக லூப் (சுற்றிச் சுற்றி ஓடும் அந்தத் துண்டு) 1.1 சதவீதம் வேகமாக ஓடும். 124 என்று நினைத்தது 125.4. தாளப்பெட்டியோடு நாலாவது சுற்றிலேயே உதை தெரியும். பதியும்போதே டர்ன்டேபிள் பிட்ச்சை 1.1 சதவீதம் கீழே வைத்துவிட்டால் சரியாகிவிடும்.

அந்த மங்கலான, கரகரப்பான சத்தம் எங்கிருந்து வருகிறது? 26.04-இல் பதிந்தால் மேல் எல்லை 13 கிலோஹெர்ட்ஸ். 45-இல் பதிந்து இறக்கினால் தட்டின் உண்மையான ஒலியில் 9.6 கிலோஹெர்ட்ஸ் வரைதான் தங்கும். அதற்கு மேல் கேட்பதெல்லாம் அலியாஸிங் தூசி, அதாவது மாதிரியெடுப்பில் பிறக்கும் போலி ஒலி. தவிர, எஸ்பி-1200-இல் எந்த வெளியீட்டில் மாட்டுகிறீர்கள் என்பதும் முக்கியம்: 1, 2-இல் அசையும் ஃபில்டர், 3 முதல் 6 வரை நிலையான ஃபில்டர், 7, 8-இல் ஃபில்டரே இல்லை. ஹை-ஹாட்டை 7-இல் விட்டு, பேஸை 1-இல் விடுவார்கள்.

---

புதுவரவு

வடிகட்டி சார், இதையே இப்போது லேப்டாப்பில் செய்ய என்ன வழி? அந்த "மூச்சு வாங்கும்" சத்தம் மட்டும் எனக்கு வருவதே இல்லை.

---

வடிகட்டி

அந்த மூச்சு கம்ப்ரஸர் வேலை. பாரிஸில் அதற்குப் பேர்போனது அலெஸிஸ் 3630. உயர்தரப் பெட்டியே அல்ல. ஸ்டூடியோக்காரர்கள் ஏளனம் செய்த மலிவுச் சரக்கு. பழையது கிடைத்தால் ஒரு எச்சரிக்கை: அதற்கு 9 வோல்ட் ஏசி அடாப்டர் வேண்டும். கையில் கிடைக்கும் டிசி அடாப்டரை மாட்டிவிட்டுப் பெட்டி செத்துவிட்டது என்று புலம்ப வேண்டாம்.

லேப்டாப்பில் இப்படிச் செய்யுங்கள். லூப்பில் ஏற்கெனவே பழைய டிரம்மர் அடித்த கிக் இருக்கும். முதலில் 120–150 ஹெர்ட்ஸுக்குக் கீழே வெட்டி அதை எடுத்துவிடுங்கள். பலர் இதை விட்டுவிடுவதால் இரண்டு கிக்கும் மோதி அடிப்பாகம் சேறாகிறது. அடுத்து 24 டெசிபல் சரிவுள்ள லோ-பாஸ் ஃபில்டர் (கட்-ஆஃப் எல்லைக்கு மேலுள்ள ஒலியை வெட்டுவது), ரெசனன்ஸ் (அந்த எல்லையை உரக்கக் காட்டுவது) கொஞ்சம். கட்-ஆஃப்பை 300 ஹெர்ட்ஸில் தொடங்கி 16 அல்லது 32 சுற்றில் 8 கிலோஹெர்ட்ஸுக்கு ஏற்றுங்கள். நேர்கோடாக ஏற்றினால் முதல் நாலு சுற்றிலேயே எல்லாம் திறந்துவிட்ட மாதிரி இருக்கும். காது மடக்கை அளவில்தான் கேட்கிறது, அதனால் ஆரம்பத்தில் மெதுவாகவும் கடைசியில் வேகமாகவும் வளைத்து வரையுங்கள்.

பிறகு கம்ப்ரஸர். லூப் தடத்தில் போட்டு, சைட்-செயினில் (கம்ப்ரஸர் எதைக் கேட்டு அமுக்க வேண்டும் என்று சொல்லும் உள்ளீடு) கிக்கைக் கொடுங்கள். அட்டாக் (அமுக்கத் தொடங்கும் வேகம்) இருப்பதிலேயே வேகமானது, விகிதம் 6:1 அல்லது அதற்கு மேல், கிக் விழும்போது 8–10 டெசிபல் இறங்கும்படி த்ரெஷோல்ட் (அமுக்கம் தொடங்கும் ஒலி அளவு). உயிர்நாடி ரிலீஸ்தான், அதாவது அமுக்கிய ஒலி மீண்டு எழும் நேரம். 124-இல் ஓர் அடிக்கும் அடுத்த அடிக்கும் நடுவே 484 மில்லிவினாடி. ரிலீஸ் 50 என்றால் விக்கல் மாதிரி இருக்கும். 500 தாண்டினால் லூப் மேலே வரவே வராது, வெறுமனே சத்தம் குறைந்தது போல் கிடக்கும். 200-க்கும் 300-க்கும் நடுவில் தேடுங்கள். உங்களுக்கு மூச்சு வராததற்குக் காரணம் அநேகமாக இதுதான்.

இன்னொரு முறையும் உண்டு: சைட்-செயினே இல்லாமல் கிக்கையும் லூப்பையும் ஒரே கம்ப்ரஸருக்குள் விடுவது. அதில் கிக்கும் சேர்ந்து நசுங்கும். கிக்கை மற்றதைவிட 4–5 டெசிபல் தூக்கி உள்ளே அனுப்பினால்தான் அது எல்லாவற்றையும் கீழே தள்ளும். கச்சாவாக இருக்கும், ஆனால் அந்தக் காலத்து வாசனை இதில்தான் அதிகம்.

(ஒரு வேடிக்கை: 3630 செய்த அலெஸிஸ் திவாலானது 2001-இல். அந்தச் சத்தத்தின் உச்சம் என்று பலரும் சொல்லும் டாஃப்ட் பங்கின் இரண்டாவது ஆல்பம் வந்ததும் அதே 2001-இல்தான்.)

---

கணக்குப்பிள்ளை

வடிகட்டி, கடைசி வரிக்கு நன்றி. பெட்டி செய்தவன் திவால், பெட்டியை வைத்துப் பாட்டு செய்தவன் பிழைத்தான். என் கட்சி அதுதானே! இனி ஒப்பந்தக் கணக்கு. எண்கள் விளக்கத்துக்காக நான் வைத்தவை, யாருடைய ஒப்பந்தமும் அல்ல.

அட்வான்ஸ் 1,00,000 ஃப்ராங்க். மொத்த விலை ஒரு தட்டுக்கு 60. ராயல்டி 12 சதவீதம் என்றால் தட்டுக்கு 7.20. அட்வான்ஸ் அடைய, அதாவது கம்பெனி கொடுத்த முன்பணம் ராயல்டியில் கழிந்து தீர, 13,889 தட்டு விற்க வேண்டும். ஒப்பந்தத்தின் உள்பக்கத்தில் "உறைச் செலவுக் கழிவு 20 சதவீதம்" என்று ஒரு வரி இருக்கும். அப்போது அடிப்படை 48, ராயல்டி 5.76, அடைய வேண்டியது 17,362. ஒரே வரியில் 3,400-க்கு மேல் தட்டு ஏறிவிட்டது. அடையாமல் நின்ற பாக்கியை இரண்டாவது ஆல்பத்தின் வரவில் பிடித்துக்கொள்ளலாம் என்று இன்னொரு வரி இருந்தால், முதல் ஆல்பம் தோற்றவன் இரண்டாவதில் ஜெயித்தாலும் காசைப் பார்க்க மாட்டான். இவ்வளவுக்கும் பிறகு மாஸ்டர் (மூலப் பதிவு) கம்பெனியுடையது.

உரிமம் என்றால்? அதே தட்டு, அச்சு, விநியோகம், விளம்பரம் எல்லாம் சேர்த்துச் செலவு 25. மிச்சம் 35, பாதிக்குப் பாதி என்றால் 17.50. அட்வான்ஸ் அடைய 5,715 போதும். காலம் முடிந்ததும் மாஸ்டர் வீடு திரும்பும். இதன் விலை என்னவென்றால், ரெக்கார்டிங் செலவு உங்கள் தலையில், கம்பெனி தரும் அட்வான்ஸும் சிறுக்கும். படுக்கையறையில் பழைய பெட்டியை வைத்துப் பதிபவனுக்கு அந்தச் செலவு கிட்டத்தட்ட இல்லை. இந்த இடத்தில் மட்டும் தாளக்கட்டுவின் கட்சிக்கு அரை மார்க் கொடுக்கிறேன்.

---

தாளக்கட்டு

அரை மார்க்கா! பெட்டி மலிவா இல்லைன்னா ஸ்டூடியோ காசுக்குக் கம்பெனி கிட்டத்தான் போயிருப்பாங்க. கம்பெனி காசுல பதிஞ்சா மாஸ்டர் கம்பெனிக்கு. பேரம் பேச முடிஞ்சதே பெட்டியாலதான். முழு மார்க் போடுங்க.

---

கணக்குப்பிள்ளை

முக்கால். மீதிக் கால் அவர்கள் சரியான நேரத்தில் வாயைத் திறந்ததற்கு.

உரிமை கையில் இல்லாதவன் என்ன பாடுபடுவான் என்பதற்கு வர்ஜினின் பின்கதையே சாட்சி. வர்ஜின் 1992-இலேயே ஈஎம்ஐ என்ற பெரிய இசைக் கம்பெனி கைக்குப் போனது. ஈஎம்ஐ-யை 2007-இல் டெர்ரா ஃபர்மா என்ற முதலீட்டு நிறுவனம் கடனோடு வாங்கியது, மதிப்பு 420 கோடி பவுண்ட். கடன் கட்ட முடியாமல் 2011-இல் சிட்டி குரூப் வங்கியிடம் போனது. 2012-இல் யுனிவர்சல் இசைக் கம்பெனி வாங்கியது. ஐரோப்பிய ஆணையம் போட்ட நிபந்தனையால் ஒரு பகுதியைப் பிரித்து 2013-இல் இன்னொரு இசைக் கம்பெனியான வார்னரிடம் விற்றார்கள். 6 வருடத்தில் 4 முதலாளி. தட்டு செய்தவனை யாரும் ஒரு வார்த்தை கேட்கவில்லை. ஒப்பந்தத்தில் "உரிமையாளர் மாறினால் என் சம்மதம் வேண்டும், இல்லையேல் உரிமம் முடியும்" என்ற ஷரத்து எதற்கு என்று கேட்பவர்கள் இந்தப் பட்டியலை ஒருமுறை படியுங்கள்.

---

ஷரத்து_சாமி

டாஃப்ட் பங்க் செய்த இன்னொரு காரியத்தை யாரும் தொடவில்லை. ஃபிரான்ஸில் இசையமைப்பாளர்களுக்காக வசூல் செய்வது சசெம் சங்கம். உறுப்பினரானால் எல்லா வகை உரிமையையும் மொத்தமாக ஒப்படைக்க வேண்டும் என்பது அன்றைய விதி. இவர்கள் இணையம் போன்ற சிலவற்றைத் தாங்களே வைத்துக்கொள்கிறோம் என்றார்கள். சங்கம் மறுத்தது. இருவரும் ஐரோப்பிய ஆணையத்தில் போட்டி விதிகளின் கீழ் புகார் கொடுத்தார்கள். 2002-இல் அது முடிவுக்கு வந்தது. எல்லாவற்றையும் கொடு, இல்லையேல் எதுவும் இல்லை என்று விதிவிலக்கே இல்லாமல் சொல்வது நியாயமற்றது என்பது ஆணையத்தின் பார்வை. சங்கமும் விதியைத் தளர்த்தியது.

இதில் கவனிக்க வேண்டியது, மாஸ்டர் உரிமை வேறு, பாட்டின் உரிமை வேறு. கம்பெனி ஒப்பந்தத்தில் உஷாராக இருந்துவிட்டுச் சங்கப் படிவத்தில் கண்ணை மூடிக்கொண்டு கையெழுத்துப் போடுபவர்கள்தான் அதிகம். ஃபிரான்ஸில் மட்டுமல்ல.

---

மொட்டைமாடி

எல்லாம் ஜெயித்த கதையாகவே போகிறதே, அவர்கள் சறுக்கியதே இல்லையா?

---

ஷரத்து_சாமி

தாராளமாக உண்டு. 2001 ஆல்பத்தின் சிடிக்குள் ஓர் அட்டை வைத்தார்கள். அதில் தனி எண். அதை வைத்து டாஃப்ட் கிளப் தளத்தில் நுழைந்து கூடுதல் ட்ராக்குகளை இறக்கலாம். யோசனை காலத்துக்கு முந்தியது, ஆனால் கோப்புகளுக்கு இன்டர்ட்ரஸ்ட் நிறுவனத்தின் டிஜிட்டல் பூட்டு. நாப்ஸ்டர் என்ற பகிர்வுத் தளத்தில் பூட்டில்லாமல் இலவசமாகக் கிடைத்த காலத்தில், காசு கொடுத்து வாங்கியவனுக்குப் பூட்டு! 2003 தொடக்கத்தில் சேவையை மூடினார்கள், அந்த ட்ராக்குகள் அதே வருடக் கடைசியில் சாதாரண சிடியாக வந்தன.

இது சின்னக் கீறல். அதே வருடங்களில் விவெண்டி என்ற ஃப்ரெஞ்சு நிறுவனம் செய்ததைப் பாருங்கள். ஜான்-மரி மெஸ்ஸியே தலைமையில் தண்ணீர்க் கம்பெனி ஊடகப் பேரரசாக மாறியது. எம்பி3.காம் தளத்தை 2001-இல் 37 கோடி டாலருக்கு மேல் கொடுத்து வாங்கினார்கள். 2002 ஜூலையில் மெஸ்ஸியே வெளியே, அந்த வருட நஷ்டம் 2,330 கோடி யூரோ. 2003-இல் தளத்தை விற்றபோது, சிறு கலைஞர்கள் ஏற்றிவைத்த பாட்டுகளின் கிடங்கு அத்தோடு போயிற்று. வேறு பிரதி வைத்திருக்காதவர்களுக்கு மாஸ்டர் உரிமை இருந்தும் மாஸ்டர் இல்லை.

---

இசைத்தட்டு_78

ஹெல்மெட்டை ஓரமாக வைப்போம் என்றவர்கள் அதையே சுற்றிச் சுற்றி வருகிறீர்கள். மற்றவர்களையும் பாருங்கள்.

ஃப்நாக் என்ற கடைச் சங்கிலி சொந்தமாக இசைக் கம்பெனி நடத்தி, நடனப் பிரிவும் வைத்திருந்தது. அது நிலைக்கவில்லை. அதை நடத்திய எரிக் மோரானும் டிஜே லோரான் கார்னியேவும் 1994-இல் எஃப் கம்யூனிகேஷன்ஸ் தொடங்கினார்கள். பெரிய கடை கைவிட்டது சின்ன லேபிளாகப் பிழைத்தது. அதற்கும் முன்னால் டிஸ்கோ இசைக்காரர் செரோன்: 1976-இல் 16 நிமிட டிஸ்கோ தட்டை பாரிஸ் கம்பெனிகள் மறுக்க, சொந்தக் காசில் லண்டனில் 5,000 அச்சிட்டார். பழுதான வேறு தட்டுகள் என்று நினைத்து ஒரு கடை அந்தப் பெட்டியைத் தவறுதலாக நியூயார்க்குக்கு அனுப்பிவிட, அங்கே டிஜேக்கள் கையில் சிக்கிப் பரவியது என்பது அவரே சொல்லும் கதை. இதை வியாபாரப் பாடம் என்று யாரும் எழுதிவிட வேண்டாம், பார்சல் மாறுவதற்குத் திட்டம் போட முடியாது.

அரசாங்கமும் தன் பங்குக்குச் சறுக்கியது. 1995-இல் ரேவ் விருந்துகளை (இரவு முழுக்க நடக்கும் டெக்னோ நடன விருந்துகள்) ஆபத்து என்று சொல்லி உள்துறை சுற்றறிக்கை. 1996 முதல் வானொலியில் 40 சதவீதம் ஃப்ரெஞ்சு மொழிப் பாட்டு என்ற விதி. பாரிஸில் செய்த பாட்டானாலும் வரி ஆங்கிலத்தில் இருந்தால் அந்தக் கணக்கில் சேராது. 1998-இல் பார்த்தால் அதே பாரிஸில் டெக்னோ பரேட் என்ற தெரு ஊர்வலம், முன்னாள் அமைச்சர் ஜாக் லாங் ஆதரவோடு.

---

புதுவரவு

சாம்பிள் அனுமதி பற்றி யாராவது சொல்லுங்கள். ஒரு பழைய தட்டிலிருந்து 2 வினாடிதான் எடுக்கிறேன். அதற்குமா?

---

ஷரத்து_சாமி

2 வினாடிக்கும்தான். "இத்தனை வினாடிக்குக் கீழே இலவசம்" என்பது கட்டுக்கதை. இரண்டு கதவைத் தட்ட வேண்டும்: ஒலிப்பதிவின் உரிமையாளர், பாட்டின் பதிப்பாளர். ஒருவர் சரி என்று மற்றவர் மறுத்தாலும் வேலை நடக்காது. அதே வரியை நீங்களே வாசித்துப் பதிந்தால் முதல் கதவு தேவையில்லை, இரண்டாவது தேவை. தட்டு ஓடிய பிறகு போய்க் கேட்டால் பேரம் அவர்கள் கையில். எழுத்துரிமையில் எவ்வளவு பங்கு என்பதும் அங்கேதான் தீர்மானமாகும்.

பாடியவருக்குக் காசு போகும் என்று மட்டும் நினைத்துக்கொள்ளாதீர்கள். 2000-இல் உலகமெங்கும் ஓடிய டாஃப்ட் பங்கின் "ஒன் மோர் டைம்", எடி ஜான்ஸ் 1979-இல் பாடிய ஒரு பாட்டின் துண்டுகள் மேல் நிற்கிறது. பதிவின் உரிமை வேறொரு கம்பெனி வசம். அவரோ லாஸ் ஏஞ்சல்ஸில் வீடில்லாமல் இருந்தார், ஒரு சல்லி வரவில்லை. 2021-இல் செய்தித்தாளில் வந்த பிறகுதான் வெளியே தெரிந்தது. தட்டின் உறையில் இருக்கும் பெயரைத் தேடி மாதக்கணக்கில் அலையாதீர்கள், அந்தக் கம்பெனியின் பழைய பதிவுகளின் உரிமை இன்று யார் கையில் என்று முதலில் தேடுங்கள்.

---

புதுவரவு

நன்றி. கடைசியாக ஒன்று: உரிமம் முடிந்து மாஸ்டர் திரும்பும்போது நடைமுறையில் என்னென்ன கேட்டு வாங்க வேண்டும்?

---

கணக்குப்பிள்ளை

முடியும் தேதியை "வெளியீட்டிலிருந்து 7 வருடம்" என்று நாளோடு எழுதுங்கள். "அட்வான்ஸ் அடையும் வரை" என்று விட்டால் அது முடியவே முடியாது. மிச்சச் சரக்கை விற்க 6 மாதம் கொடுக்கலாம், அந்த 6 மாதத்தில் புதிதாக அச்சடிக்கக் கூடாது என்று கூடவே எழுதுங்கள், இல்லையென்றால் கடைசி வாரத்தில் கிடங்கை நிரப்பிவிடுவார்கள். மாஸ்டர் கோப்பு, தனித்தனித் தடங்கள், உறை ஓவியத்தின் அச்சுக் கோப்பு, சாம்பிள் அனுமதிக் கடிதங்களின் நகல், இவை ஒப்படைப்புப் பட்டியலில் இருக்க வேண்டும்.

எல்லோரும் மறப்பது ஐஎஸ்ஆர்சி எண், ஒலிப்பதிவை அடையாளம் காட்டும் குறியீடு. ஒவ்வொரு ட்ராக்குக்கும் ஒன்று. பழைய கம்பெனியிடமிருந்து அந்தப் பட்டியலை வாங்கி, புது விநியோகஸ்தரிடம் அதே எண்ணில் ஏற்றச் சொல்லுங்கள். அவர் புது எண் போட்டுவிட்டால் ஸ்ட்ரீமிங் தளம் அதை வேறு ட்ராக்காக எடுத்துக்கொள்ளும், இத்தனை வருடம் சேர்ந்த கேட்பு எண்ணிக்கை பூஜ்யத்திலிருந்து தொடங்கும். புதியது ஏறி ஒட்டிக்கொண்டதைப் பார்த்த பிறகு பழையதை இறக்கச் சொல்லுங்கள், முன்னால் வேண்டாம்.